மந்திரிக்காத மண்

போயிட்டா. ஸ்கூட்டர் சத்தம் தெருமுக்குல திரும்புற வரைக்கும் கேட்டுச்சு, இப்ப அதுவும் இல்லை. பள்ளிக்கூடம் விடுற நேரம், அவ பிள்ளை வாசல்ல நின்னு அழும், ஷமீலா போகாம வேற யாரு போவா, மாப்பிள்ளை துபாய்ல கிடக்காரு, காயல்பட்டினத்துலயிருந்து ஓத வர்ற பொம்பளைங்க பஸ்ஸு இன்னும் ஆத்தூரே தாண்டலையாம். அதனால நான். செருப்பை மாட்டிக்கிட்டே சொல்லுதா, "மாமி, உம்மாவுக்கு மூச்சு மாறிச்சுன்னா, கண்ணு மேல போச்சுன்னா, எனக்குப் போன் போட்டுக்கிட்டு நிக்காதீங்க, காதுல கலிமாவைச் சொல்லிருங்க, உங்களுக்குத் தெரியும்லா." தெரியும்லாவாம். இத்தனை வருசம் எதிர்வீட்டுல இருந்திருக்கேன், பாங்கு சத்தத்தைக் கேட்டுத்தான் உலையில அரிசி போடுவேன், எனக்குத் தெரியாம இருக்குமா. தெரியும்ங்கிறதுதான் இப்ப வினையாப் போச்சு. நான் என்ன ஓதுற அம்மாவா? நான் அமலோற்பவம். மாதா கோயில்ல மறைக்கல்வி டீச்சர். ஞாயித்துக்கிழமை பூசை முடிஞ்சதும் பிள்ளைகளை உக்கார வச்சு, உன் கடவுளாகிய ஆண்டவர் நாமே, வேறு தேவர்கள் உனக்கு வேண்டாம்னு சொல்லிக் கொடுக்கிறவ. அந்த வாயைக் கொண்டு ஒரு முஸ்லிம் பொம்பளை காதுல கலிமா சொல்லணுமாம். சொல்லிட்டா நான் யாரு? சொன்னவங்க அந்த மார்க்கத்துல சேந்துட்டாங்கன்னு இவுங்களே சொல்லுவாங்களே. வர்ற சனிக்கிழமை பாவசங்கீர்த்தனத் தொட்டியில முழங்கால் போட்டு என்னன்னு சொல்லுவேன், சாமி, ஒரு கலிமா சொல்லிட்டேன்னா? சாமியார் சிரிப்பாரா, ஏசுவாரா. ஜொஹரா ராத்தா, கூடப் பிறக்காத அக்கா, நீயாச்சும் கண்ணைத் திறந்து பாரு, ஷமீலா வர்ற வரைக்கும் தாக்குப்பிடி. எந்தக் காலத்துல நீ என் பேச்சைக் கேட்டே, இப்ப கேக்கதுக்கு.

பேன் கடக்கு கடக்குன்னு சுத்துது. அடுத்த வீட்டுல மத்தியானம் கழிஞ்சும் குக்கர் விசில் அடிக்குது, எந்தக் கூறுகெட்டவ இந்நேரத்துல சமைக்கா. ராத்தா முகம் ரொம்பச் சின்னதாப் போச்சு, மூக்குத்திக்கு மூக்கு போதலை. தலைமாட்டுல ஜம்ஜம் தண்ணி பாட்டில், ஷமீலா மாமியா மக்காவுலயிருந்து கொண்டாந்தது. பஞ்சை அதுல நனைச்சு உதட்டுல வைக்கணும், நாக்கு நனைஞ்சா போதும், ஊத்திராதீங்க மாமி, விக்கிரும்னு சொல்லிட்டுப் போயிருக்கா. விக்கிரும். அந்த வார்த்தையை எங்கிட்ட சொல்லணுமா. சரி, அவளுக்கு என்ன தெரியும். என் பையிலயும் ஒரு பாட்டில் இருக்கு. மாதா சொரூபம் மாதிரியே செஞ்ச பிளாஸ்டிக் பாட்டில், நீலக் கிரீடத்தைத் திருகினா அதான் மூடி, உள்ள மந்திரிச்ச தண்ணி. எதுக்குட்டி எடுத்துட்டு வந்தே அமலி? வழக்கமா எடுக்கிறதுதான், நோயாளி வீட்டுக்குப் போனா எடுக்கிறதுதான். பொய். வழக்கமா நோயாளிக மேல தெளிக்க எடுப்பே, இன்னைக்கு வேற எதுக்கோ எடுத்திருக்கே, காலையில பாட்டிலை நிறைக்கும்போதே உனக்குத் தெரியும். தண்ணியாலும் ஆவியாலும் பிறக்காதவன் உள்ள போக முடியாதுன்னு எத்தனை பிள்ளைகளுக்கு மனப்பாடம் பண்ண வச்சிருக்கேன். சாகக்கிடக்கிற யாருக்கும் யாரும் ஞானஸ்நானம் கொடுக்கலாம், நெத்தியில மூணு தடவை தண்ணி, ரெண்டு வரி செபம், அவ்வளவுதான். இங்க யாரும் இல்லை. கதவு சாத்தியிருக்கு. பஞ்சால முகத்தைத் துடைக்கிற மாதிரித் துடைச்சா முடிஞ்சுது, ஷமீலாவுக்குக்கூடத் தெரியப்போறதில்லை. இவளை மோட்சத்துச் சுவத்துக்கு வெளிய விட்டுட்டு நான் மட்டும் உள்ள போகவா? அங்க போய் யாரோட சண்டை போடுவேன்? இவ இல்லாத மோட்சம் எனக்கு எதுக்கு. ஐயோ, என்ன பேச்சு பேசுதேன், மாதாவே மன்னிச்சுக்கோ.

கேட்டியா. இப்ப வந்துச்சே. மூச்சு இழுத்து, தொண்டையில ஒரு தட்டு தட்டி, விட்டுச்சு. விக்கல் மாதிரி. இல்லை, விக்கல் இல்லை, சளி. டாக்டர்தான் சொன்னாரே, சளி கட்டும், சத்தம் வரும், பயப்படாதீங்கன்னு. நான் எந்தச் சத்தத்துக்குப் பயப்படுதேன்னு அவருக்கு என்ன தெரியும். குழாய்ல காத்து அடைச்சாலும் எனக்கு அதுதான் கேக்கும். இட்லிச் சட்டியில தண்ணி வத்துனா கேக்கும். பூசையில சாமியார் அப்பத்தைத் தூக்கும்போது எல்லாரும் தலைகுனிஞ்சு ஊசி விழுந்தா கேக்கிற மாதிரி இருக்கும்லா, அப்ப பின் வரிசையில இருந்து ஒரு பச்சப்பிள்ளை விக்கும், திரும்பிப் பாத்தா பிள்ளையே இருக்காது. என் பிள்ளை அழலையாம். பிறந்தது நான் பாக்கலை, எனக்கு ஜன்னி கண்டு பல்லு கிட்டிப்போய் வேற ரூமுக்குத் தூக்கிட்டுப் போயிட்டாவ. திரும்ப வார்டுல கொண்டாந்து போட்டு முழிச்சப்ப தொட்டில் இல்லை. பொம்பளைப் பிள்ளைன்னு சொன்னாவ. பக்கத்துக் கட்டில்ல ஷமீலாவைப் பெத்துப்போட்டுக் கிடந்த ஜொஹரா ராத்தாதான், யாருன்னே தெரியாத எங்கிட்ட, மெதுவா சொன்னா, "அழலம்மா, விக்கிச்சு, விக்கிக்கிட்டே இருந்துச்சு." அன்னைக்குப் பிடிச்ச சத்தம். தண்ணி ஊத்துனீங்களான்னு சிஸ்டர் வந்து கேட்டாவளாம், ஆயா இல்லைன்னாளாம். ஞானஸ்நானம் இல்லாத பிள்ளை. என் வீட்டுக்காரர் கஸ்பார் துண்டுல சுத்திக் கல்லறைக்குக் கொண்டு போனா, கோயில் வேலையெல்லாம் பாக்கிற கோயில்பிள்ளை வாசல்லயே மறிச்சிட்டாரு, உள்ள மந்திரிச்ச மண்ணு, இது கழுவாத பிள்ளை, சுவத்துக்கு அந்தப் பக்கம் கொண்டு போங்கன்னு. அந்தக் காலத்துல அப்படித்தான், இப்ப யாரும் அப்படிச் சொல்லுததில்லை, ஆனா எனக்கு அந்தக் காலம்தானே நடந்துச்சு. உடைமரத்துக்குக் கீழ, முள்ளுக்குள்ள, பேர் இல்லாம, சிலுவை இல்லாம. கஸ்பார் சாகுற வரைக்கும் அதைப் பத்தி வாயே திறக்கலை. கல்லறைத் திருநாள் அன்னைக்கு மட்டும் எல்லாரும் உள்ள மெழுகுவத்தி கொளுத்தும்போது அவரு வெளிய போய் பீடி பிடிப்பாரு, சுவத்துக்கு அந்தப் பக்கமா. நானும் கேக்கலை. பொறவு பயலுவ ரெண்டு பேரு பிறந்து வளந்து வேலைக்கும் போயிட்டானுவ, ஆனா யாராச்சும் எத்தனை பிள்ளைன்னு கேட்டா நாக்கு ஒரு நிமிசம் நிக்கும். மோட்சமும் இல்லாம நரகமும் இல்லாம ஒரு இடம் உண்டுன்னு பழைய ஞானோபதேசத்துல படிச்சிருக்கேன், அங்க என்ன இருக்கும், விளக்கு இருக்குமா, யாராச்சும் தூக்குவாங்களா. விக்குனா முதுகைத் தட்ட ஆள் உண்டுமான்னுதான் நான் நினைப்பேன், வேற எதுவும் நினைக்க மாட்டேன்.

ஆஸ்பத்திரியில அப்ப எனக்கு மாதா படத்தைப் பாக்கப் பிடிக்கலை. கட்டிலுக்கு நேரா மாட்டியிருந்தாவ, சிரிச்ச முகம், மடியில கொழுகொழுன்னு குழந்தை. எங்க மாதாவுக்கு நோவே கிடையாது, வலியில்லாமப் பெத்தாள்னு சொல்லுவாவ, வேதத்துலயும் அவ கத்துனதா ஒரு வரி இல்லை, பெத்தா, துணியில சுத்துனா, முன்னணையில கிடத்துனா, அவ்வளவுதான். நான் சுவத்தைப் பாக்கத் திரும்பிப் படுத்துக் கிடந்தேன். ராத்தா என்ன நினைச்சாளோ, தன் பிள்ளையை ஒரு கையில வச்சுக்கிட்டு இன்னொரு கையால ஒரு பேரீச்சம்பழத்தை என் வாயில திணிச்சிட்டு, எங்க குர்ஆன்ல மரியம் பேருல ஒரு சூராவே இருக்கு, தெரியுமாம்மான்னு கேட்டா. எனக்கு எரிச்சல். பிள்ளையைப் பறிகொடுத்தவகிட்ட வந்து வேதம் பேசுதாளேன்னு. அவ பாட்டுக்குச் சொன்னா: மரியமுக்கு நோவு கண்டுச்சு, துணைக்கு ஒருத்தரும் இல்லை, ஒரு பேரீச்ச மரத்தைக் கட்டிப்பிடிச்சுக்கிட்டு, இதுக்கு முன்னாடியே நான் செத்துப் போயிருக்கக் கூடாதா, மறந்து மறந்து போன ஒண்ணா ஆயிருக்கக் கூடாதான்னு கத்துனா. அப்ப அவ காலடியில இருந்து ஒரு சத்தம் வந்துச்சு, கவலைப்படாதே, மரத்தை உலுக்கு, பழம் விழும், தின்னு, குடி, கண்ணு குளிரட்டும்னு. நான் திரும்பிப் படுத்தேன். எங்க மாதா கத்தலை, இவுங்க மரியம் கத்துறா. அன்னைக்கு எனக்குக் கத்துற மரியம்தான் வேணுமா இருந்துச்சு. அந்தப் பழத்தைத் தின்னேன், கொட்டையைத் துப்ப இடம் இல்லாம ராத்தா உள்ளங்கையிலயே துப்புனேன். அவ இன்னொண்ணும் சொன்னா, அதைத்தான் சொல்லியிருக்கவே கூடாது. சின்னதுல போற பிள்ளைகளை எல்லாம் இபுறாகீம் நபி பாத்துக்கிடுவாங்களாம், கேள்விநாள்ல அந்தப் பிள்ளை வந்து தொப்புள்கொடியைப் பிடிச்சு உம்மாவைச் சொர்க்கத்துக்கு இழுத்துட்டுப் போகுமாம். எங்க ஆளுங்க சுவத்துக்கு வெளிய புதைக்காவ, இவுங்க ஆளுங்க கொடியைக் கையில கொடுக்காவ. எதை நம்ப? உங்க இபுறாகீமும் எங்க ஆபிரகாமும் ஒரே ஆளுன்னா, அவரு மடியில என் பிள்ளைக்கும் இடம் இருக்கணும்லா, கழுவலைன்னு அவரும் மறிப்பாரா? அதுலயிருந்து தொப்புள்ல ஒரு இழுப்பு. குனிஞ்சு கோலம் போடும்போது, குடம் தூக்கும்போது, வெடுக்குன்னு. கர்ப்பப்பையை எடுத்த பொறவும் நிக்கலை, டாக்டரம்மா வாயுங்கா.

அப்படித் தொடங்குன சகவாசம். நாப்பது நாள் கழிஞ்சு வீட்டுக்கு வந்தா, எதிர்வீட்டுக்குக் குடி வந்திருக்கா, அவ வீட்டுக்காரருக்கு பஜார்ல கடை. அதுக்குப் பொறவு சண்டைக்கு என்ன குறைச்சல். "மூணு பேருன்னா எப்படிட்டி ஒண்ணாகும், எனக்கு விளங்கிற மாதிரி சொல்லு பாப்போம்"னு நான் மீன் ஆயும்போதுதான் கேப்பா. நான் கையில அரிவாமணையோட திரித்துவம் விளக்கணும். உங்க குர்ஆன்ல இயேசு சிலுவையில சாகலைன்னு எழுதியிருக்கே, அப்ப பெரிய வெள்ளிக்கிழமை நான் யாருக்காக அழுதேன், எம் மாமாவுக்கான்னு ஒரு நாள் கேட்டுட்டேன், ரெண்டு பேரும் பேசாமக் கிடந்தோம், நோன்புப் பெருநாள் பிரியாணிதான் எங்களைச் சேத்து வச்சுது. ஒத்துப்போற இடத்துல எல்லாம் ஒத்துப்போனோம். யூசுப் நபி கதையை அவ சொல்லுவா, எங்க யோசேப்பு கதையை நான் சொல்லுவேன், ரெண்டுலயும் கிணத்துல தள்ளுதானுவ, ரெண்டுலயும் தகப்பன் அழுதே அரைஉசுராப் போறான், யாரு கதையில அழுகை ஜாஸ்தின்னு போட்டி. ஆனா ஒரு இடம் இருக்கு, அங்க வந்தா அவ நின்னுருவா. அவன் யாரையும் பெறவுமில்லை, யாராலும் பெறப்படவுமில்லைன்னு அவ தினம் தொழுகையில ஓதுறது. அங்க நான் ஒரு அடி எடுத்து வைக்க முடியாது. சுதன், அதாவது ஆண்டவரோட மகன்ங்கிற வார்த்தையை நான் சொன்னாலே காதைப் பொத்துவா. விளையாட்டுன்னு நினைச்சேன். விளையாட்டு இல்லை, ராத்தா. எனக்கு இப்பத்தானே விளங்குது.

ஒரு தடவை கேட்டாளே. எப்ப? ஷமீலா தவழ்ந்துக்கிட்டு இருந்தா, அந்த வயசு. இவளும் என் பிள்ளையும் ஒரே வயசு, அதனால இவ தவழ்றது, நிக்கிறது, பள்ளிக்கூடம் போறது எல்லாத்தையும் நான் ரெட்டையாப் பாத்தேன், இவ பின்னாடி இன்னொண்ணு முகம் தெரியாம வரும். ராத்தா கீரை ஆய்ஞ்சுக்கிட்டே, என்னமோ கடையில விலை கேக்கிற மாதிரி கேட்டா, "அமலி, சாகப்போற பிள்ளைக்கு நீங்க தண்ணி ஊத்துதீங்களே, அதை யாரும் ஊத்தலாமா?" நான் டீச்சர்லா, அப்பத்தான் டீச்சரா சேந்திருந்தேன், கர்வம் வேற. "யாரும் ஊத்தலாம், கிறிஸ்தவங்க யாரா இருந்தாலும்"னேன். கிறிஸ்தவங்க. அந்த ஒரு வார்த்தையை எந்தப் புத்தகத்துல படிச்சேன்? எந்தப் புத்தகத்துலயும் இல்லை. நானாச் சேத்தேன். அப்படித்தானே இருக்கும்னு நினைச்சேன், நம்ம தண்ணியை நம்ம ஆளுதானே ஊத்தணும்னு. அவ சரின்னு தலையாட்டிட்டு மறுபடியும் கீரை ஆய்ஞ்சா. ஆய்ஞ்ச கீரையைக் குப்பையில போட்டுட்டுக் காம்பைச் சட்டியில போட்டா, அதைப் பாத்து நான் சிரிச்சேன்கூட. கோட்டிக்காரி. நான்தான்.

போன வாரம் புதுச் சாமியார் டீச்சர்மாருக்கு வகுப்பு எடுத்தாரு. இளவயசு, மீசைகூடச் சரியா வரலை, ஆனா படிச்சிருக்காரு. அவசரத்துக்கு யாரும் ஞானஸ்நானம் கொடுக்கலாம், கொடுக்கிறவர் கிறிஸ்தவரா இருக்கணும்னுகூட இல்லை, இந்துவோ முஸ்லிமோ யாரா இருந்தாலும், திருச்சபை எதை நினைச்சுக் கொடுக்குதோ அதை நினைச்சுக் கொடுத்தா செல்லும், இது பழைய சட்டம்னாரு. எனக்கு ஆச்சரியமாப் போச்சு. நேரா இங்க வந்தேன், அப்ப ராத்தாவுக்குப் பேச்சு நல்லா இருந்துச்சு, தலையணையில சாஞ்சு கஞ்சி குடிச்சிக்கிட்டிருந்தா. "கேட்டியா ராத்தா, நீகூட ஊத்தலாமாம், கூத்தைப் பாரேன்"னு சிரிச்சேன். அவ சிரிக்கலை. கஞ்சிக் கரண்டி கையிலேயே நின்னுச்சு. கண்ணுல தண்ணி, தாடையில வழியுது, துடைக்கக்கூட இல்லை. "செல்லுமா? நெசமாச் செல்லுமாட்டி? சாமியாரே சொன்னாரா?" ஆமான்னேன். "அப்ப உன் பிள்ளை சுவத்துக்கு வெளிய இல்ல, அமலி." எனக்கு விளங்கலை. அவதான் சொன்னா, விட்டு விட்டு, மூச்சு வாங்கிக்கிட்டு. சிஸ்டர் கீழ வேற பிரசவத்துல இருந்தாவளாம், ஆயா கூப்பிட ஓடுனாளாம், தொட்டில்ல பிள்ளை நீலம் பாரிச்சு விக்கிக்கிட்டு இருந்துச்சாம். "முந்தின நாளு ஒரு பிள்ளைக்கு அந்த சிஸ்டர் ஊத்துறதைப் பாத்திருந்தேன், சொன்னதையும் கேட்டிருந்தேன். உன்னை எனக்குத் தெரியாது, உன் பேருகூடத் தெரியாது, உங்க ஆளுங்களுக்கு அந்தத் தண்ணி இல்லைன்னா மனசு வேகும்னு மட்டும் தெரியும். தையல் போட்ட உடம்போட எந்திரிச்சு, டம்ளர் தண்ணியை எடுத்து ஊத்துனேன்." தொழக்கூட முடியாத நேரம், பிள்ளைபெத்த தீட்டு, அந்த நேரத்துல உங்க வேதத்தைச் சொன்னேன்னு அவ கொஞ்சம் சிரிச்சா. பொறவு சிரிப்பு போயிருச்சு. "பிதான்னு சொல்லிட்டேன். அடுத்த வார்த்தை வாயில வரமாட்டேங்குது. தொண்டையில நிக்குது. அதை விட்டுட்டு மிச்சத்தைச் சொல்லலாமான்னு தோணுச்சு. யாருக்குத் தெரியப்போகுது. ஆனா அடுத்தவ பிள்ளைக்குக் குறைச்சுக் கொடுக்கக் கூடாதுல்லா, அமலி. முழுசாச் சொன்னேன்." சிஸ்டர் வந்து கேட்டப்ப ஏன் சொல்லலை? அவ மாமியா கதவுக்கு வெளியவே உக்காந்திருந்தாளாம், வாயைத் திறந்தா அன்னைக்கே தலாக்குதான்னா. பொறவு எங்கிட்டயாச்சும் ஏன் சொல்லலைன்னு நான் கத்திட்டேன், நோயாளின்னு பாக்காமக் கத்திட்டேன். "கேட்டேனே. நீதானே உங்க ஆளுங்கதான் ஊத்தணும்னே. செல்லாத தண்ணியைப் பத்திச் சொல்லி உன்னை எதுக்கு இன்னொரு தடவை அழவைக்கன்னு விட்டுட்டேன்." நான் எந்திரிச்சு வந்துட்டேன். படியில உக்காந்துட்டேன். பிள்ளை உள்ள இருக்கு. இத்தனை வருசமா உள்ளதான் இருந்திருக்கு, நான்தான் அதை வெளிய வச்சுப் பாத்துக்கிட்டிருந்தேன்.

மறுநாள் வந்து கால்மாட்டுல உக்காந்தேன். அவ சொன்ன பயம் வேற. சுதன்னு இந்த வாயால சொன்னேனே, அன்னைக்கு ராத்திரி முழுக்கக் கலிமாவைத் திரும்பத் திரும்பச் சொன்னேன், அல்லாஹ் மன்னிச்சானா இல்லையான்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் தெரியாது, நாளைக்குக் கேள்வி கேட்டா என்ன பதில் சொல்லுவேன், என் வாயில வர்ற கடைசிச் சொல்லு கலிமாவா இருந்தா அது எல்லாத்தையும் மூடிரும், எப்படியாச்சும் அது கிடைக்கணும் அமலின்னா. எனக்கு விக்கல் சத்தம்னா அவளுக்கு அந்த ஒரு வார்த்தை. ரெண்டு பேரும் எதிர் எதிர் வீட்டுல உக்காந்துக்கிட்டு ஒரே பிள்ளைக்காகப் பயந்துக்கிட்டு இருந்திருக்கோம், பணியாரம் குடுத்து வாங்கிக்கிட்டு. அதுக்கு அடுத்த நாள் பேச்சு போயிருச்சு.

ராத்தா? ராத்தா, என்ன இப்படி இழுக்கே. இரு, இரு. இது சளி இல்லை. இழுத்து, நின்னு, ரொம்ப நேரம் நின்னு, விக்கி விடுது. நெத்தி வேர்த்துக் கிடக்கு. கண்ணு மேல போகுது, வெள்ளை தெரியுது. ஷமீலா வரலை. போன் பண்ணவா? பண்ணாதீங்கன்னாளே. பை எங்க. கிரீடத்தைத் திருகிட்டேன், தண்ணி என் கை மேலேயே வழியுது, ஜில்லுன்னு. மூணு தடவை ஊத்துனாப் போதும். நான் நேசிக்கிறவளுக்கு என்கிட்ட இருக்கிறதுல பெருசைக் கொடுக்கிறேன், அதுல என்ன தப்பு? அமலி, யோசி. அவ அன்னைக்கு உன் பிள்ளைக்கு அவகிட்ட இருந்ததையா கொடுத்தா? அவகிட்ட கலிமா இருந்துச்சு. காதுல சொல்லியிருக்கலாம், அவளுக்கு லேசு, தொண்டையில நிக்காது, புண்ணியமும் உண்டு. சொல்லலையே. உனக்கு எது வேணுமோ அதைல்லா கொடுத்தா, தனக்கு வேகும்னு தெரிஞ்சே. நான் இப்ப இந்தத் தண்ணியை ஊத்துனா, எனக்கு வேணுங்கிறதை அவளுக்குக் கொடுத்த மாதிரி ஆகும். திருட்டுக் கை. பாட்டிலை மூடு. மூடி எங்க போச்சு, எழவு, கட்டிலுக்கு அடியில உருண்டுருச்சு. கிடக்கட்டும். மாதாவே, நீயும் ஒரு பிள்ளையைச் சாகக் குடுத்தவதான், கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்பிக்கோ, இல்லைன்னா இங்கேயே நின்னு பாரு, உன் இஷ்டம்.

குனிஞ்சேன். வலது காது. தலைமுடியில தேங்காயெண்ணெய் வாசம், காலையில ஷமீலா தடவியிருக்கா. முதல் பாதி எனக்கு ஒண்ணும் இல்லை. அல்லாஹ்வைத் தவிர வணக்கத்துக்கு உரியவன் இல்லைன்னா, அது எங்க வேதத்துலயும் இருக்கிறதுதானே, இஸ்ராயேலே கேள், ஆண்டவர் ஒருவரேன்னு மோயீசன் சொன்னது. லா இலாஹ இல்லல்லாஹ். சொல்லிட்டேன். குரல் கரகரன்னு வந்தாலும் வந்துச்சு. மறுபடியும் சொன்னேன். இதோட விட்டுரலாம். முதல் பாதி மட்டும் சொன்னாலே போதும்னு ஆலிம்சா ஒருத்தர் பயான்ல, அவுங்க பிரசங்கத்துல, சொன்னதை ராத்தாவே ஒரு நாள் எங்கிட்ட சொல்லியிருக்கா. போதுமாம், சட்டம் இருக்கு, அவுங்க சட்டமே இருக்கு, நானும் தப்பிச்சேன், அவளும் தப்பிச்சா. அடுத்த வார்த்தை வாயில வரமாட்டேங்குது. தொண்டையில நிக்குது. நெசமாவே நிக்கும்போல, இவ சொன்ன மாதிரியே, இதே இடத்துலதான் நிக்குமோ. முஹம்மது அவனோட தூதர்னு சொன்னா இயேசுவை மறுதலிச்ச மாதிரி ஆகுமா, சேவல் கூவுமா. பயமா இருக்கு ராத்தா. உனக்கும் இப்படித்தான் இருந்துச்சா, சின்னப் பொண்ணு நீ அப்ப, தையல் போட்ட வயிறு, கதவுகிட்ட மாமியா. அவ விரல் அசையுது. வலது கை ஆள்காட்டி விரல். தொழும்போது உக்காந்து அந்த விரலை நீட்டுவாளே, ஒருவன்னு சாட்சி சொல்ற விரல், போர்வைக்கு மேல ஒரு நூல் உயரம் எழும்பி நிக்குது, மிச்சத்துக்காகக் காத்துக்கிட்டு. முஹம்மதுர் ரசூலுல்லாஹ். சொல்லிட்டேன். முதல் பாதியையும் சேத்து இன்னொரு தடவை, காதுக்குள்ளேயே, முழுசா. உதடு அசைஞ்சுச்சு, சத்தியமா அசைஞ்சுச்சு. ஒரு மூச்சு இழுத்தா. விட்டா. நான் அடுத்த விக்கலுக்குக் காத்துக்கிட்டு இருந்தேன். பேன் சுத்துச்சு, குழாய் சொட்டுச்சு, அடுத்த வீட்டுல பாத்திரம் விழுந்துச்சு. விக்கல் வரலை. இவகிட்டயிருந்தும் வரலை, சுவத்துல இருந்தும் வரலை, எங்கயிருந்தும் வரலை.

விரலை மடக்கி விட்டேன். கண்ணை மூடி விட்டேன். அப்பத்தான் அந்தக் கேள்வி ஞாபகம் வந்துச்சு, ஆஸ்பத்திரிக் கதையைச் சொன்ன அன்னைக்கு நான் படிக்குப் போகும்போது வாசல்ல நின்னு கேட்டேனே, பேரு சொல்லித்தானே ஊத்தணும், என்ன பேரு சொன்னேன்னு. உங்க பேரு ஒண்ணும் எனக்கு வரலை, மரியம்னு சொன்னேன், உனக்கும் ஆகும் எனக்கும் ஆகும்லான்னா. மரியம். எனக்கு மூணு பிள்ளைக. மூத்தவ பேரு மரியம். ராத்தா, அங்க போனதும் அவளைத் தேடு, உன் கையில தண்ணி வாங்குனவ, உன்னை அடையாளம் தெரியும். கொடியைப் பிடிச்சுட்டு நிப்பா. ஒரு கையால உன்னையும் பிடிச்சுக்கிடச் சொல்லு.

கீழ ஸ்கூட்டர் நிக்குது. படியில பிள்ளை செருப்புச் சத்தம், மெதுவா வா மெதுவா வான்னு ஷமீலா. கதவைத் திறந்தவ என் முகத்தைப் பாத்தா, கட்டிலைப் பாத்தா, பிள்ளையைத் தன் பக்கமா இழுத்துக்கிட்டா. இன்னாலில்லாஹின்னு அவ வாய் முணுமுணுக்குது. வந்து உம்மா கன்னத்துல கன்னத்தை வச்சு அப்படியே இருந்தா. பொறவு தலையைத் தூக்காமலே கேட்டா, "மாமி, சொன்னீங்களா?"

"சொன்னேன்."

"முழுசாவா?"

"முழுசாச் சொன்னேன்ட்டி. குறைக்கலை."